கிறிஸ்துமஸ் இரவு, 22 பேர், இரண்டு அடுப்பு

கேள்வி: பாளையங்கோட்டையில் இருக்கிறோம். ஒவ்வொரு கிறிஸ்துமஸ் இரவும் மாமனாரின் உடன்பிறந்தவர்கள் குடும்பத்தோடு எங்கள் வீட்டுக்குச் சாப்பிட வருவது வழக்கம். முப்பது வருடமாக மாமியார்தான் சமைத்தார். போன மாதம் வழுக்கி விழுந்ததில் அவருக்கு வலது மணிக்கட்டில் எலும்பு முறிவு. இந்த வருடம் சமையல் என் தலையில். மொத்தம் 22 பேர். அதில் 7 பேர் குழந்தைகள். மாடி வீட்டுக்காரர்கள் நால்வரும் சுத்த சைவம். பெரியவர்கள் இரண்டு பேருக்குச் சர்க்கரை. நான் வேலைக்குப் போகிறேன், 24ஆம் தேதி மதியம்தான் லீவு. இரண்டு பர்னர் அடுப்பும் ஒரு இண்டக்ஷனும் உண்டு. மட்டன் பிரியாணி, சிக்கன் 65, மட்டன் சுக்கா, மீன் வறுவல், நண்டு மசாலா, பரோட்டா, சால்னா, இடியாப்பம், சொதி, ஃப்ரைட் ரைஸ், கோபி மஞ்சூரியன், பிரெட் அல்வா, பாயசம், கேக், ஐஸ்கிரீம் என்று பட்டியல் போட்டிருக்கிறேன். மொட்டை மாடியில் பந்தல் போடலாம் என்று நினைக்கிறோம். கணவர் "ஹோட்டலில் சொல்லிவிடுவோம்" என்கிறார். மாமியார் முகம் வாடிவிட்டது. நான் எங்கிருந்து தொடங்குவது?

பதில்:

சகோதரி, பட்டியலை இரண்டு முறை படித்தேன். விசேஷ வீடுகளுக்குச் சமைத்துக் கொடுப்பதுதான் என் தொழில். பதினைந்து ஐட்டம் என்றால் நானே நான்கு ஆட்களையும் மூன்று பெரிய அடுப்பையும் கொண்டுதான் வருவேன். உங்களிடம் இருப்பது இரண்டு பர்னர், ஒரு ஜோடி கை.

தொடங்க வேண்டிய இடம் மெனு இல்லை, உங்கள் தூக்கம். விடியற்கால ஆராதனைக்குப் போகிற வீடு என்றால் அன்றைக்கு மூன்று மணிக்கே எழுந்திருப்பீர்கள். விருந்து இரவு எட்டு மணிக்கு. நடுவில் பதினேழு மணி நேரம் இருக்கிறது. சமையல் தெரிந்தவர்களும் கிறிஸ்துமஸ் இரவில் சொதப்புவது பெரும்பாலும் இதனால்தான். கை தெரிந்த கைதான், உடம்புதான் ஓய்ந்துவிடுகிறது. உப்புப் போட்டோமா இல்லையா என்பது மறந்துவிடும். ஆகவே 25ஆம் தேதி மதியம் ஒன்றரை முதல் மூன்றரை வரை நீங்கள் படுத்துத் தூங்க வேண்டும். மற்ற எல்லாவற்றையும் இதைச் சுற்றித்தான் அடுக்கப் போகிறோம்.

அதற்காக மதிய விருந்தை விட்டுவிடுங்கள். ஆராதனை முடிந்து வந்ததும் இட்லியும் கறிக்குழம்பும். மதியம் மீந்த இட்லியோடு தயிர்ச் சோறும் ஊறுகாயும். ஒருவரும் கோபித்துக்கொள்ள மாட்டார்கள். இரவு பிரியாணி இருக்கிறது என்று எல்லோருக்கும் தெரியும்.

இனி பட்டியல். சிக்கன் 65, மீன் வறுவல், கோபி மஞ்சூரியன் மூன்றையும் அடித்துவிடுங்கள். பொரித்த பண்டம் சட்டியிலிருந்து நேரே தட்டுக்கு வந்தால்தான் ருசி. 22 பேருக்குப் பொரிப்பது என்றால் ஒரு பர்னர் முழுதாக முக்கால் மணி நேரம் போய்விடும். விருந்தாளிகள் வந்து உட்கார்ந்த பிறகு நீங்கள் எண்ணெய்ப் புகையில் நிற்பீர்கள். நண்டும் வேண்டாம், குழந்தைகளுக்கு உடைத்துக் கொடுக்கவே இரண்டு பேர் தேவை. பரோட்டா, சால்னா, ஃப்ரைட் ரைஸ் எல்லாம் பிரியாணிக்குப் போட்டியாக வருகிறவை. பிரியாணி இருக்கிற இலையில் இன்னொரு சோறு எதற்கு? மட்டன்தான் பிரியாணியிலேயே இருக்கிறதே, சுக்காவும் வேண்டாம். பாயசமும் அல்வாவும் கூட வேண்டாம். கேக் வெட்டி வைத்த வீட்டில் பாயசத்தைத் தேடினவரை நான் இதுவரை பார்த்ததில்லை.

மிஞ்சுவது மட்டன் பிரியாணி, சிக்கன் 65க்குப் பதிலாக மிளகு சிக்கன், வெங்காயத் தயிர்ப் பச்சடி, இடியாப்பம், சொதி, இஞ்சிப் பச்சடி, கேக், ஐஸ்கிரீம். போதும். சொதியை, அந்தத் தேங்காய்ப் பால் குழம்பை, நான் வேண்டுமென்றேதான் விட்டு வைத்தேன். நம் ஊரில் மாப்பிள்ளைக்கு மறுவீட்டு விருந்து என்றால் சொதிதான். சைவக்காரர்களுக்கு இதைப் பரிமாறினால் 'உங்களுக்காகத் தனியாக ஏதோ செய்தோம்' என்று இருக்காது, விருந்தின் நடு ஐட்டத்தையே அவர்களுக்குக் கொடுத்தது போல இருக்கும். பல் இல்லாத பெரியவர்களுக்கும் இதமான சாப்பாடு. சொதிக்குப் பிழிகிற முதல் பாலில் இரண்டு டம்ளர் எடுத்துச் சர்க்கரையும் ஏலக்காயும் போட்டு வைத்தால், காரம் தாங்காத குழந்தைகள் இடியாப்பத்தோடு அதையே சாப்பிட்டு முடித்துவிடுவார்கள்.

ஒன்று மட்டும் கவனம். மாடி வீட்டார் முட்டை சாப்பிடுவார்களா என்று முன்கூட்டியே கேட்டுக்கொள்ளுங்கள். சாப்பிடாதவர்கள் என்றால் அவர்களுக்கு முட்டையில்லாத கேக் ஒன்று வாங்கி வையுங்கள். சொதிக் கரண்டி பிரியாணிப் பக்கம் போகக் கூடாது. கறி கொதிக்கிற அடுப்புக்குப் பக்கத்திலேயே சொதியைத் திறந்து வைக்காமல் இண்டக்ஷனை அடுக்களைக்கு வெளியே, சாப்பாட்டு மேசைப் பக்கம் போட்டுக்கொள்ளுங்கள். அவர்கள் எதுவும் சொல்ல மாட்டார்கள், ஆனால் கவனிப்பார்கள்.

அளவுக்கு வருவோம். பிரியாணி சாப்பிடுகிறவர்கள் பதினெட்டு பேர், அதில் சிலர் குழந்தைகள், கூடவே இடியாப்பமும் இருக்கிறது. இரண்டு கிலோ சீரகச் சம்பா, இரண்டரை கிலோ மட்டன், இரண்டு கிலோ சிக்கன் தாராளம். சொதிக்கு மூன்று பெரிய தேங்காய். இடியாப்பம் ஐம்பது, அதை நீங்கள் பிழிய வேண்டாம், வீட்டில் பிழிந்து விற்கிறவர்களிடம் வாங்கிக்கொள்ளலாம்.

இரண்டு கிலோ அரிசியையும் ஒரே அண்டாவில் போட ஆசை வரும். மாமியாரும் அப்படித்தான் செய்திருப்பார். அவருக்குக் கைப்பழக்கம் உண்டு. முதல் தடவை செய்கிற நீங்கள் ஒவ்வொரு கிலோவாக இரண்டு பாத்திரத்தில் போடுங்கள். வீட்டு பர்னரின் தீ அகலமான அடியின் நடுவில் மட்டும்தான் படும். அளவு கூடக் கூட நடுவில் அடிப்பிடிக்கும், ஓரத்தில் அரிசி நறுக்கென்று நிற்கும். இரண்டு பாத்திரம் என்றால் இன்னொரு வசதியும் இருக்கிறது: இரண்டாம் பந்திக்கும் சூடாகத் திறக்கலாம்.

அதனால் பந்தியையும் இரண்டாகப் பிரியுங்கள். ஏழரைக்குக் குழந்தைகள், பெரியவர்கள், மாடி வீட்டார். எட்டே காலுக்கு மற்றவர்கள். சர்க்கரை உள்ளவர்கள் முதல் பந்தியில் கட்டாயம் இருக்க வேண்டும். மாத்திரையோ ஊசியோ போட்டுக்கொண்டு சாப்பாட்டுக்காகக் காத்திருப்பது ஆபத்து. அவர்களுக்கென்று தனிச் சமையல் வேண்டாம். முதலில் சிக்கனும் பச்சடியும் பரிமாறுங்கள், சோற்றைக் கடைசியில் கொஞ்சமாக வையுங்கள். கேக்கில் எவ்வளவு என்பதை அவர்களே முடிவு செய்துகொள்வார்கள். பத்துப் பேர் முன்னால் "உங்களுக்குச் சுகர் ஆச்சே" என்று மட்டும் சொல்லிவிடாதீர்கள்.

இப்போது மாமியார். பிரியாணி மசாலா அவருடையதாகத்தான் இருக்க வேண்டும். அவரிடம் கேட்டால் "ஒரு கை மல்லித்தூள், கொஞ்சம் சோம்பு" என்பார். அவர் கையில் கட்டு இருக்கிறது, உங்கள் கையளவு வேறு. இடது கையால் அள்ளிக் காட்டச் சொல்லாதீர்கள், அந்த அளவும் வேறாகத்தான் இருக்கும். நீங்கள் தட்டில் தூளைக் கொட்டி அவரிடம் காட்டுங்கள். "இன்னும் கொஞ்சம்", "போதும்" என்று அவர் சொல்லச் சொல்ல நிறுத்தி, அதைத் தராசில் வைத்து எடையை எழுதிக்கொள்ளுங்கள். இதை இந்த வாரமே செய்யுங்கள். அப்புறம் ஒரு ஞாயிற்றுக்கிழமை ஒரு கிலோ அரிசிக்கு முழு ஒத்திகை பாருங்கள், 25ஆம் தேதி வைக்கப் போகிற அதே பாத்திரத்தில், அதே கடை அரிசியில். ஊறிய சீரகச் சம்பா ஒரு கப்புக்கு ஒன்றேமுக்கால் கப் தண்ணீர் என்பது பொதுக் கணக்கு. மட்டன் வெந்த நீரையும் சேர்த்துத்தான் அந்த ஒன்றேமுக்கால். புது அரிசி குறைவாகக் கேட்கும், பழைய அரிசி கூடுதலாகக் கேட்கும். உங்கள் அரிசி எது என்று ஒத்திகைதான் சொல்லும். நான்கு பேருக்கு எழுதிய குறிப்பை அப்படியே பெருக்கினால் பட்டை, கிராம்பு, மிளகாய் தூக்கிவிடும். நான்கு மடங்கு அரிசி என்றால் வாசனைச் சாமான் மூன்று மடங்கில் நிறுத்துங்கள். உப்பை ருசி பார்த்துப் போடுங்கள். அரிசி போடுவதற்கு முன்னால் அந்தத் தண்ணீர் நாக்கில் ஒரு பிடி தூக்கலாக இருக்க வேண்டும்.

24ஆம் தேதிக்கு வருவோம். மட்டனை 20ஆம் தேதியே கடையில் சொல்லி வையுங்கள், முன்னந்தொடையும் நெஞ்செலும்பும் கலந்து. 24 காலையில் கணவர் போய் வாங்கி வரட்டும், ஃப்ரிட்ஜில் இருக்கட்டும். நீங்கள் மதியம் வந்ததும் முதல் வேலை வெங்காயம். மொத்தத்தையும் ஒரே தடவையில் நறுக்கி, பிரியாணிக்கு வேண்டியதைப் பொன்னிறமாக வதக்கி, மசாலாவும் மட்டனும் சேர்த்துக் குக்கரில் முக்கால் வேக்காடு வேக வைத்துவிடுங்கள். எலும்பிலிருந்து கறி கழன்றால் அதிகம் வெந்துவிட்டது என்று அர்த்தம், தம்மில் கரைந்துவிடும். காலை இட்லிக்கான கறிக்குழம்பு மாமனாருக்கு விருப்பம் என்றால் இன்னும் ஒரு கிலோ வாங்கிக் கையோடு அதையும் முடித்துவிடுங்கள். சிக்கனுக்கு மிளகு, இஞ்சி பூண்டு, மஞ்சள் போட்டுப் புரட்டி ஃப்ரிட்ஜில் வையுங்கள்.

மார்கழிக் குளிர்தானே என்று வெந்த மட்டனை இரவெல்லாம் மேடையில் விட்டுவிடாதீர்கள். நம் ஊர் மார்கழி ஃப்ரிட்ஜ் ஆகாது. அகலமான இரண்டு மூன்று பாத்திரங்களில் பரப்பி ஆற வைத்து, இரண்டு மணி நேரத்துக்குள் உள்ளே தள்ளிவிடுங்கள். குக்கரோடு சூடாக வைத்தால் நடுப்பகுதி ஆறவே நேரமாகும், பக்கத்தில் இருக்கிற பாலும் கெடும்.

இனி 25 மாலை. இதை ஒரு தாளில் எழுதி அடுக்களைச் சுவரில் ஒட்டுங்கள். மூன்றரைக்கு எழுந்து காபி. நாலரைக்குத் தேங்காய்ப் பால் மூன்றும் பிழிந்து தனித்தனியாக. முதல் பால் ஃப்ரிட்ஜில். ஐந்துக்குள் பச்சடிகள். ஐந்தரையிலிருந்து சிறிய பர்னரில் சிக்கன், ஆறேகாலுக்குள் இறக்கிவிடலாம். அதே நேரத்தில் இண்டக்ஷனில் சொதி: மூன்றாம் பாலில் காயும் பாசிப்பருப்பும் வேக வைத்து, இரண்டாம் பால் விட்டு, நிறுத்திவிடுங்கள்.

ஆறேகாலுக்கு முதல் கிலோ அரிசியை ஊற வையுங்கள். ஆறு இருபதுக்குப் பெரிய பர்னரில் பாதி மட்டனைக் கொதிக்க விட்டு, தண்ணீர் அளந்து ஊற்றி, ஆறு நாற்பதுக்கு அரிசி. தண்ணீர் அரிசி மட்டத்துக்கு வற்றியதும், ஏறக்குறைய ஆறு ஐம்பத்தைந்துக்கு, எலுமிச்சைச் சாறும் புதினாவும் போட்டு மூடி, பாத்திரத்தைச் சிறிய பர்னரில் தோசைக்கல்லின் மேல் ஏற்றுங்கள். மூடி மேல் கனமாக ஏதாவது. இருபது நிமிடம் சிறு தீ. ஏழேகாலுக்கு அணைத்து இறக்கி வைத்துவிடுங்கள், ஏழரை வரை மூடியைத் தொடவே கூடாது. பசங்க வாசனை பிடித்துக்கொண்டு வருவார்கள், துரத்திவிடுங்கள்.

பெரிய பர்னர் காலியானது ஆறு ஐம்பத்தைந்துக்கு. இரண்டாவது அரிசியை அப்போது ஊற வைத்து, ஏழு ஐந்துக்கு அதே பர்னரில் மீதி மட்டன். இந்தப் பாத்திரம் ஏழு நாற்பதுக்குச் சிறிய பர்னருக்குத் தம்முக்குப் போகும், எட்டுக்கு அணைக்கலாம், எட்டேகாலுக்குத் திறக்கலாம். நடுவில் சிறிய பர்னர் ஏழேகாலிலிருந்து ஏழு நாற்பது வரை காலி. சிக்கனை ஆவி பறக்கச் சூடாக்க அந்த நேரம்தான். ஏழு பத்துக்குச் சொதியைச் சூடாக்கி, ஏழு இருபதுக்கு முதல் பால். ஓரத்தில் நுரை கட்டியதும் நிறுத்த வேண்டும், கொதித்தால் திரிந்துவிடும். எலுமிச்சை பிழிவது இறக்கிக் கொஞ்சம் சூடு தணிந்த பிறகு.

பார்த்தீர்களா, ஒரு பர்னரும் சும்மா நிற்கவில்லை, ஒரு பர்னருக்கு இரண்டு பாத்திரமும் சண்டை போடவில்லை. உங்கள் பழைய பட்டியலில் சிக்கன் 65 மட்டும் இருந்திருந்தாலும் இந்தக் கணக்கு ஏழேகாலுக்கு உடைந்திருக்கும்.

பிரியாணியைத் திறந்ததும் கரண்டியை நடுவில் குத்திக் கிளறாதீர்கள். சீரகச் சம்பா சின்ன அரிசி, கூழாகிவிடும். தட்டையான கரண்டியை ஓரமாக அடிவரை இறக்கி, அப்படியே புரட்டி எடுத்து வையுங்கள்.

கேஸ் சிலிண்டரை 24 அன்றே தூக்கிப் பார்த்துக்கொள்ளுங்கள். ஒரு வருடம் நான் சமைக்கப் போன வீட்டில் சரியாகத் தம் போட்ட ஐந்தாவது நிமிடம் சிலிண்டர் தீர்ந்தது. மாற்று சிலிண்டரைப் பக்கத்து வீட்டிலிருந்து உருட்டி வந்து மாட்டுவதற்குள் அரிசி விறைத்துவிட்டது. தண்ணீர் தெளித்துச் சமாளித்தேன். சாப்பிட்டவர்கள் நன்றாக இருந்தது என்றார்கள், எனக்குத் தெரியும் எப்படி இருந்தது என்று. இண்டக்ஷனுக்குத் தனிப் பிளக் கொடுங்கள். அதே இணைப்பில் மிக்ஸியும் ஹீட்டரும் ஓடினால் ஃபியூஸ் போய்விடும். அடி தட்டையான, காந்தம் ஒட்டுகிற பாத்திரமா என்பதையும் இப்போதே பாருங்கள். மாமியாரின் அலுமினியச் சட்டியும் மண் சட்டியும் அதில் சூடாகாது.

மொட்டை மாடி எனக்கு ஒப்பவில்லை. டிசம்பர் நமக்கு மழை மாதம். 2023 டிசம்பர் 17, 18 தேதிகளை நான் உங்களுக்கு ஞாபகப்படுத்த வேண்டியதில்லை. காயல்பட்டினத்தில் ஒரே நாளில் 90 செ.மீ.க்கு மேல் கொட்டி, நம் பக்கமெல்லாம் வெள்ளம் வந்தது கிறிஸ்துமஸுக்கு ஒரு வாரம் முன்னால்தான். அந்த அளவுக்குப் போக வேண்டாம், ஒரு தூறல் போதும், 22 பேரும் தட்டோடு படியில் நிற்பார்கள். சட்டிகளை மாடிக்குத் தூக்குவது யார் என்பது வேறு. பந்தி இரண்டாகிவிட்டால் ஒரு தடவைக்கு பன்னிரண்டு பேர்தானே. ஹாலில் சோபாவை ஓரம் தள்ளிப் பாய் விரித்தால் போதும். முழங்கால் வலி உள்ளவர்களுக்கு நாற்காலியும் மேசையும். மாடியில் ஸ்டார் மட்டும் தொங்கட்டும்.

ஹோட்டலில் சொல்லலாம் என்கிற கணவரின் யோசனையைத் திட்டாதீர்கள், அவர் உங்கள் கஷ்டத்தைப் பார்த்துத்தான் சொல்கிறார். ஆனால் 25ஆம் தேதி மாலை எட்டு மணி என்று சொன்னால் அது ஒன்பதரைக்கும் வரலாம். அன்றைக்கு எல்லோருக்கும் எட்டு மணிதான். ஒத்திகைப் பிரியாணி சரியாக வரவில்லை என்றால் அப்போது வெளியில் சொல்லிவிடுங்கள், மிளகு சிக்கனும் சொதியும் வீட்டில் செய்யுங்கள். அதில் வெட்கம் ஒன்றும் இல்லை. அதுவரை அவருக்கு வேறு வேலை இருக்கிறது: கறி வாங்குவது, பாய் விரிப்பது, இரண்டு பந்திக்கும் பரிமாறுவது. பரிமாறுவது நீங்கள் இல்லை. நீங்கள் அடுப்பை விட்டு ஏழிலிருந்து எட்டுவரை நகர முடியாது, மேலே கணக்கைப் பாருங்கள். மாமியாருக்கு அடுக்களை வாசலில் ஒரு நாற்காலி. அரிசி போடுவதற்கு முன்னால் அந்தத் தண்ணீரை ஒரு ஸ்பூன் அவருக்குக் கொடுங்கள். உப்பு எப்படி என்று அவர் சொல்லட்டும்.

கேக்கை நீங்களே செய்ய ஆசை என்றால் செய்யுங்கள். இந்த விருந்தில் ஒரு வாரம் முன்னால் செய்தால் இன்னும் ருசியாகிற ஒரே பண்டம் அதுதான். பழங்களை அக்டோபரிலேயே ஊற வைக்கவில்லையே என்று கவலை வேண்டாம். திராட்சை, பேரீச்சை, செர்ரி, ஆரஞ்சுத் தோல் எல்லாவற்றையும் பொடியாக நறுக்கிச் சூடான ஆரஞ்சுச் சாற்றில் ஒரு இரவு வைத்தால் போதும். 18ஆம் தேதி வாக்கில் சுட்டு, நன்றாக ஆறியதும் பட்டர் பேப்பரில் இறுக்கிச் சுற்றி டப்பாவில் போட்டுவிடுங்கள். அச்சுமுறுக்கும் முந்திரிக்கொத்தும் இந்த வருடம் வாங்கித்தான் தீர வேண்டும்.

சாப்பிட்டு முடிந்ததும் மீந்த பிரியாணியைப் பேச்சு சுவாரசியத்தில் மேசையிலேயே விட்டுவிடுவது எல்லா வீட்டிலும் நடக்கிறது. வெந்த சோற்றில் பேசிலஸ் சீரியஸ் என்கிற கிருமியின் வித்து தங்கியிருக்கும், கொதிநீரிலும் சாகாது. சோறு வெதுவெதுப்பாகக் கிடந்தால் பெருகி நஞ்சை உண்டாக்கும். மறுநாள் சூடாக்கினாலும் அந்த நஞ்சு போகாது. ஒன்பதரைக்குள் சின்ன டப்பாக்களில் போட்டு ஃப்ரிட்ஜில் வையுங்கள், அல்லது வீட்டுக்குப் போகிறவர்கள் கையில் கொடுத்து அனுப்புங்கள். இரண்டாவது பாத்திரம் திறந்தவுடன் உங்களுக்கு ஒரு தட்டு எடுத்து மூடி வைத்துக்கொள்ளவும் மறக்க வேண்டாம். நெஞ்செலும்பாகப் பார்த்து எடுங்கள்.

இந்தப் பதிலைப் படித்து முடித்ததும் செய்ய வேண்டியது ஒன்று உண்டு. உங்கள் தெருவிலோ அடுத்த தெருவிலோ இடியாப்பம் பிழிகிற அம்மாவைப் போய்ப் பாருங்கள். 25ஆம் தேதி மாலை ஆறரைக்கு ஐம்பது வேண்டும் என்று சொல்லி முன்பணம் கொடுத்துவிடுங்கள். 24ஆம் தேதி போய் நின்றால், "ஏற்கெனவே ஆறு வீட்டுக்கு ஒத்துக்கிட்டேனே தாயி" என்றுதான் சொல்வார்.